ஊர்களை இணைத்த பேருந்து: அரசுப் போக்குவரத்தின் வரலாறும் நமது கடமையும்



ஆண்டு மலரில் வரலாற்றுக் கட்டுரை என்றால், பள்ளிவாசல் எழுந்த வரலாற்றையோ ஊருக்கு உழைத்த பெரியோர்களின் வரலாற்றையோ எதிர்பார்ப்பது நம் வழக்கம். அவை எழுதப்பட வேண்டியவையே. எனினும், நம் ஊர்களின் நிலையை மாற்றியமைத்த ஒன்றைப் பற்றி நாம் எழுதுவதே இல்லை. அதில் நாள்தோறும் ஏறி இறங்குகிறோம். நேரத்திற்கு வராவிட்டால் கடிந்துகொள்கிறோம். அதற்கென்று ஒரு வரலாறு உண்டு என்று மட்டும் எண்ணிப் பார்ப்பதில்லை. அரசுப் பேருந்தையே குறிப்பிடுகிறோம்.

மேல்நிலைப் பள்ளி இல்லாத ஊரிலும் பிள்ளைகள் படித்தனர். மருத்துவமனை இல்லாத ஊரிலும் நோயாளிகள் பிழைத்தனர். சந்தை இல்லாத ஊரிலிருந்தும் காய்கறியும் பூவும் மீனும் நகரத்திற்குச் சென்றன. இவற்றுக்கெல்லாம் காரணமாயிருந்தது, காலையிலும் மாலையிலும் ஊருக்குள் வந்து திரும்பிய அந்த ஒரு வண்டியே. அது தானாக வந்துவிடவில்லை. அதைக் கொண்டுவரச் சட்டங்கள் இயற்றப்பட்டன, வழக்குகள் நடந்தன, பொதுப்பணம் செலவிடப்பட்டது. அந்த வரலாற்றைச் சுருக்கமாகவேனும் அறிந்துகொள்வது நமக்கு நன்மை பயக்கும்.

தனியார் பேருந்துகளின் காலம்

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நம் பகுதிகளில் மாட்டுவண்டியும் குதிரைவண்டியுமே பயணத்திற்கு வழி. இரயில் நிலையம் இருந்த ஊர்கள் சிலவே. 1910களின் தொடக்கத்தில் டி.வி. சுந்தரம் அய்யங்கார் பேருந்துத் தொழிலில் இறங்கினார். அவர் தொடங்கிய டி.வி.எஸ். நிறுவனம் மதுரையைத் தலைமையிடமாகக் கொண்டு வளர்ந்து பெரும் பெயர் பெற்றது. அவ்வண்டிகளைப் பார்த்துக் கடிகாரத்தைத் திருத்திக்கொள்ளலாம் என்று அக்காலத்தவர் சொல்வதுண்டு. மாடுகளின் இலாடங்களிலிருந்து சாலையில் உதிர்ந்து கிடந்த ஆணிகளைப் பொறுக்குவதற்கென்றே காந்தம் பொருத்திய வண்டியொன்றை அந்நிறுவனம் ஓட்டியதாகவும் கூறுவர். பாதையில் கிடக்கும் இடையூற்றை அகற்றுவதை நற்செயலாகப் பயின்ற நமக்கு இச்செய்தி மகிழ்ச்சி தருவதே. 1931இல் பொள்ளாச்சியில் நாச்சிமுத்துக் கவுண்டர் தொடங்கிய ஆனைமலைப் பேருந்து நிறுவனமும் இவ்வாறே கொங்குப் பகுதியில் செல்வாக்குப் பெற்றது.

ஆனால் எல்லா உரிமையாளர்களும் இத்தகையோராக இருக்கவில்லை. வண்டி நிறையும்வரை நகராமல் நிற்பது, நிறைந்ததும் அடுத்த வண்டியை முந்த ஓடுவது, வசூல் வரும் சாலையில் பத்து வண்டிகள், வராத சாலையில் ஒன்றுகூட இல்லாமை ஆகியவை அக்காலத்து நடப்பாகும். இதைவிடக் கொடியது, சாதியின் பெயரால் சிலரை வண்டியில் ஏற்ற மறுத்த வழக்கம். அந்நாளில் பேருந்துகளுக்கு உரிமம் தரும் அதிகாரம் மாவட்டக் கழகங்களிடம் இருந்தது. இராமநாதபுரம் மாவட்டக் கழகத்தின் தலைவராயிருந்த டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியன், ஒடுக்கப்பட்ட மக்களை ஏற்ற மறுக்கும் வண்டியின் உரிமம் பறிக்கப்படும் என்று ஆணையிட்டார். கட்டணம் செலுத்துவோர் அனைவருக்கும் வண்டியில் சம உரிமை உண்டு என்ற கொள்கை, இவ்வாறு பொது அதிகாரத்தின் வலிமையினாலேயே நிலைபெற்றது என்பது கருதத்தக்கது.

1939ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் இயற்றப்பட்டது. எந்தத் தடத்தில் எத்தனை வண்டிகள் ஓடலாம், என்ன கட்டணம் பெறலாம் என்பன அதன்பின் ஒழுங்குபடுத்தப்பட்டன. இரண்டாம் உலகப் போரின்போது பெட்ரோலுக்குத் தட்டுப்பாடு வந்ததால் வண்டியின் பின்புறம் உலை அமைத்துக் கரியை எரித்து, அதில் எழும் வாயுவைக் கொண்டு பேருந்துகளை ஓட்டினர். நம் முதியவர்கள் 'கரி பஸ்' என்று குறிப்பிட்டது இதனையே.

இரு சமஸ்தானங்கள் காட்டிய வழி

அரசே பேருந்தை நடத்தலாம் என்ற எண்ணத்தைத் தென்னகத்தில் முதலில் நடைமுறைப்படுத்தியவை இரண்டு சமஸ்தானங்கள்.

முதலாவது ஹைதராபாத். நிஜாம் மீர் உஸ்மான் அலி கானின் அரசு, 1930இல் தன் எல்லைக்குள் ஓடிய இரயில்வேயை விலைக்கு வாங்கித் தனதாக்கிக்கொண்டது. இரண்டாண்டுகளில், 1932இல், அந்த இரயில்வேயின் கிளையாகவே சாலைப் போக்குவரத்துப் பிரிவு தொடங்கப்பெற்றது. தொடக்கத்தில் இருந்தவை 27 பேருந்துகள். பணியாளர்கள் 166 பேர். இரயிலும் பேருந்தும் ஒன்றையொன்று அழிக்கப் போட்டியிடாமல், இரயில் செல்லாத ஊர்களின் மக்களைப் பேருந்து கொண்டுவந்து சேர்க்க வேண்டும் என்பது அதன் அடிப்படை. 1951இல் அது ஹைதராபாத் மாநில அரசின் துறையாகியது. 1958இல் ஆந்திரப் பிரதேசச் சாலைப் போக்குவரத்துக் கழகம் அதிலிருந்தே உருவானது. அக்கழகத்தின் வண்டி எண்களில் இடம்பெற்ற 'இசட்' என்ற எழுத்து, நிஜாமின் அன்னையார் ஸஹ்ரா பேகத்தின் நினைவாக வைக்கப்பட்டது என்று அப்பகுதி மக்கள் இன்றும் சொல்வர்.

இரண்டாவது திருவிதாங்கூர். 1938 பிப்ரவரி 20 அன்று மன்னர் ஸ்ரீ சித்திரைத் திருநாள் அரசுப் போக்குவரத்தைத் தொடங்கிவைத்தார். இலண்டன் மாநகரப் போக்குவரத்தில் அனுபவம் பெற்ற ஈ.ஜி. சால்ட்டர் என்பவரை வரவழைத்து அதன் பொறுப்பை ஒப்படைத்திருந்தனர். நடத்துநர்களாகவும் ஆய்வாளர்களாகவும் ஏறத்தாழ நூறு பட்டதாரிகள் பணியமர்த்தப்பட்டனர். வண்டிகளின் கூடுகள் உள்ளூர்ப் பட்டறையிலேயே கட்டப்பட்டன. திருவனந்தபுரத்திலிருந்து நாகர்கோவில் வழியாகக் கன்னியாகுமரி செல்லும் தடமே அதன் முதன்மைத் தடம். ஆகவே, இன்றைய தமிழ்நாட்டு எல்லைக்குள் அரசுப் பேருந்தை முதன்முதலில் கண்டவர்கள் குமரி மாவட்டத்து மக்களே. 1956 நவம்பர் 1 அன்று அம்மாவட்டம் தாய்த் தமிழகத்தோடு இணைந்தபோது, அரசே பேருந்து நடத்தும் வழக்கமும் அதனுடன் இணைந்து வந்தது.

சென்னை அரசும் 1972ஆம் ஆண்டும்

சென்னை மாநகரில் 1947-48 காலத்திலேயே பேருந்துகளை அரசு தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டது. 1950இல் மத்திய அரசு சாலைப் போக்குவரத்துக் கழகச் சட்டத்தை இயற்றியது. எனினும் மாவட்டங்களில் தனியாரே கோலோச்சினர். 1967இல் ஆட்சி மாறியபின், நெடுந்தொலைவுத் தடங்களையும் சென்னைக்கு வரும் தடங்களையும் குமரி மாவட்டத் தடங்களையும் படிப்படியாக நாட்டுடைமையாக்குவது என்ற கொள்கை வகுக்கப்பட்டது.

பெரிய திருப்பம் 1971-72இல் நேர்ந்தது. கலைஞர் மு. கருணாநிதி முதலமைச்சராயிருந்த அக்காலத்தில், ஐம்பது பேருந்து என்ற அளவைத் தொட்ட பெருநிறுவனங்களின் வண்டிகளைக் கையகப்படுத்தச் சட்டம் கொண்டுவரப்பட்டது. 1972ஆம் ஆண்டின் முதல் சில மாதங்களுக்குள் நான்கு கழகங்கள் தோன்றின. சென்னைக்குப் பல்லவன், மதுரைக்குப் பாண்டியன், கோவைக்குச் சேரன், கும்பகோணத்திற்குச் சோழன் என்று பழந்தமிழ் அரசகுலங்களின் பெயர்கள் அவற்றுக்குச் சூட்டப்பட்டன. மதுரையில் டி.வி.எஸ். பேருந்துகளும், கோவைப் பகுதியில் ஆனைமலை நிறுவனத்தின் பேருந்துகளும் இவ்வாறு பொதுச்சொத்தாயின. தொடர்ந்து 1973இல் சேலத்தில் அண்ணா, 1974இல் திருநெல்வேலியில் கட்டபொம்மன், 1975இல் விழுப்புரத்தில் தந்தை பெரியார் ஆகிய கழகங்கள் அமைந்தன. நெடுந்தொலைவுப் பயணத்திற்கென 1975இல் பல்லவனின் கிளையாகத் தொடங்கிய விரைவுப் பிரிவு, 1980இல் திருவள்ளுவர் என்ற பெயரில் தனிக்கழகமாயிற்று. 1980களில் நாகர்கோவில், காரைக்குடி, ஈரோடு, வேலூர், திருச்சி முதலிய ஊர்களிலும் கழகங்கள் எழுந்தன.

சிறிய உரிமையாளர்களின் வண்டிகளையும் கட்டங்கட்டமாக எடுத்துக்கொள்ள 1973இல் மற்றொரு சட்டம் இயற்றப்பட்டது. அது நீதிமன்றத்திற்குச் சென்றது. சென்னை உயர்நீதிமன்றம் அச்சட்டம் செல்லாது என்று தீர்ப்பளித்தது. அரசு மேல்முறையீடு செய்தது. 1983 அக்டோபரில் உச்சநீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு, சட்டம் செல்லும் என்று தீர்ப்பு வழங்கியது. தீர்ப்பை எழுதியவர் நீதியரசர் சையத் முர்தஸா ஃபஸல் அலி ஆவார். சமுதாயத்தின் வளங்கள் பொதுநன்மைக்குப் பயன்படும் வகையில் பகிர்ந்தளிக்கப்பட வேண்டும் என்ற அரசியல் சாசன நெறியின்கீழ், பேருந்துப் போக்குவரத்தை மக்களிடம் கொண்டுசேர்ப்பதும் ஒருவகைப் பகிர்வே என்பது அத்தீர்ப்பின் சாரம். தனியார் சொத்து அனைத்தையும் அந்நெறியின்கீழ்க் கொண்டுவர இயலாது என்று 2024இல் ஒன்பது நீதிபதிகள் கொண்ட அமர்வு வரையறுத்தது. எனினும், பேருந்து என்பது வெறும் வணிகமன்று, பொதுத்தேவை என்ற கருத்து நம் நாட்டுச் சட்ட வரலாற்றில் இவ்வாறு பதிவாகியுள்ளது. அத்தீர்ப்பு வந்த பின்னரும் தனியார் பேருந்துகள் முற்றிலும் மறையவில்லை. சிறிய உரிமையாளர்கள் பலர் தொடர்ந்து தொழில் நடத்தினர். இரு தரப்பு வண்டிகளும் ஒரே சாலையில் ஓடும் நிலையே தமிழகத்தில் நிலைத்தது.

ஊர் வாசலுக்கு வந்த வண்டி

நாட்டுடைமையாக்கியதனால் கிராமத்திற்கு என்ன கிடைத்தது என்ற வினா எழலாம். இதன் கணக்கு மிக எளியது. மதுரையிலிருந்து திருச்சிக்குச் செல்லும் வண்டியில் இருக்கைகள் நிறையும். உள்ளடங்கிய ஒரு சிற்றூருக்குச் செல்லும் வண்டியில் காலை நடை நிறைந்தாலும் நண்பகல் நடையில் பத்துப்பேர் இருப்பதே அரிது. இரண்டும் வெவ்வேறு முதலாளிகளின் கையில் இருந்தால் இரண்டாவது வண்டி ஓடாது. இரண்டும் ஒரே கழகத்தின் கையில் இருக்கும்போது, முதல் தடத்தின் மிச்சம் இரண்டாவது தடத்தின் குறையை ஈடுசெய்யும். வசதி படைத்த தடம் வறிய தடத்தைத் தாங்குவது என்ற இந்த ஏற்பாடே, தமிழகத்தின் கடைக்கோடி ஊர்களுக்கும் பேருந்தைக் கொண்டுசென்றது.

சாலைகளும் உடன் வளர்ந்தன. ஐந்தாம் ஐந்தாண்டுத் திட்டக் காலத்தில், 1,500 பேருக்கு மேல் வாழும் கிராமங்களுக்கு எக்காலத்திற்கும் ஏற்ற சாலை அமைப்பது குறைந்தபட்சத் தேவைகளுள் ஒன்றாக வகுக்கப்பட்டது. 2000ஆம் ஆண்டில் தொடங்கிய பிரதமர் கிராமச் சாலைத் திட்டம், 500 பேர் வாழும் குடியிருப்புகளையும் கணக்கில் கொண்டது. செம்மண் பாதை தார்ச்சாலையானது; பாலம் வந்தது; பேருந்து ஊருக்குள் திரும்பும் இடமும் ஒதுக்கப்பட்டது.

இவ்வரலாற்றில் மறக்கத்தகாதது இரவுத் தங்கல் பேருந்து. இரவின் கடைசி நடையாக ஊருக்கு வரும் வண்டி அங்கேயே நின்றுவிடும். ஓட்டுநரும் நடத்துநரும் வண்டியிலோ, பொதுக்கட்டடத்தின் திண்ணையிலோ படுத்துறங்கி, விடியுமுன் எழுந்து முதல் நடையை எடுப்பர். பால் ஊற்றுவோர், பூக்கட்டு எடுத்துச் செல்வோர், ஆலை வேலைக்குச் செல்வோர், அரசு மருத்துவமனையில் காலையில் சீட்டுப் பெற வேண்டியோர் ஆகிய அனைவரும் அந்த முதல் நடையை நம்பியே இருந்தனர். தம் வீட்டை விட்டு இவ்வாறு இரவுகளைக் கழித்த அப்பணியாளர்களுக்குப் பல ஊர்களில் மக்கள் உணவும் நீரும் அளித்து உபசரித்தனர். ஊரார்க்கும் அவர்களுக்கும் இடையே உறவுமுறை சொல்லி அழைக்கும் அளவிற்கு நெருக்கம் வளர்ந்தது. 'கண்டக்டர் அண்ணன்' என்ற அழைப்பு அவ்வாறு வந்ததே.

கல்வியில் அது ஏற்படுத்திய மாற்றம் மிகப் பெரிது. பள்ளி மாணவர்க்கு வழங்கப்பட்ட இலவசப் பயண அட்டை, எட்டாம் வகுப்போடு நின்றுவிட இருந்த பெண்மக்கள் பலரை மேல்நிலைப் பள்ளிக்குக் கொண்டுசேர்த்தது. தனியே அனுப்ப அஞ்சிய பெற்றோர், அதே வண்டியில் ஊர்ப்பிள்ளைகள் பத்துப்பேர் சேர்ந்து செல்வதைக் கண்டு இசைந்தனர். வேலூருக்கும் லால்பேட்டைக்கும் ஓதச் சென்ற மாணவர்களும் அரசுப் பேருந்துகளையே நம்பியிருந்தனர். நாம் மதரஸாவில் ஓதிய 1990களில், விடுமுறை விட்டதும் தகரப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பேருந்து நிலையத்தில் நின்று, பாண்டியன் வருகிறதா, சோழன் வருகிறதா என்று பார்த்திருந்த நினைவு நம்மில் பலருக்கும் இருக்கும். நாகூர்க் கந்தூரிக்கும், வேளாங்கண்ணித் திருவிழாவிற்கும், திருவண்ணாமலைத் தீபத்திற்கும் கூட்டம் அறிந்து சிறப்பு வண்டிகள் விடுவது கழகங்களின் வழக்கமாயிற்று. இருக்கைக்கு மேலே எழுதப்பட்டிருந்த திருக்குறளை, எம்மதத்தவராயினும் படித்துக்கொண்டே பயணம் செய்தனர்.

பணியாளர்களின் பங்கினையும் சொல்லியாக வேண்டும். ஈரோட்டில் 1984இல் தொடங்கிய சாலைப் போக்குவரத்துப் பொறியியல் கல்லூரியும், பெருந்துறையில் அமைந்த மருத்துவக் கல்லூரியும் போக்குவரத்துத் தொழிலாளர்களின் ஊதியத்திலிருந்து திரட்டிய நிதியின் துணைகொண்டு உருவானவை. ஓட்டுநர், நடத்துநர்களின் பிள்ளைகள் அவற்றில் கற்றுப் பொறியாளர்களாகவும் மருத்துவர்களாகவும் வெளிவந்தனர். பெருந்துறைக் கல்லூரியைப் பின்னர் அரசே ஏற்றுக்கொண்டது.

பெயர்கள் மறைந்த ஆண்டு

1997ஆம் ஆண்டு, இவ்வரலாற்றில் வேதனை தரும் ஆண்டாகும். விருதுநகரைத் தலைமையிடமாகக் கொண்டு அமைந்த புதிய கழகத்திற்கு, கட்டபொம்மன் படையில் போரிட்டு உயிர்நீத்த வீரன் சுந்தரலிங்கத்தின் பெயர் சூட்டப்பட்டது. அவர் ஒடுக்கப்பட்ட சமூகத்தில் பிறந்தவர். அந்தப் பெயர் தாங்கிய பேருந்தில் ஏறமாட்டோம் என்று சிலர் மறுத்தனர். எதிர்ப்பு வன்முறையாக வெடித்தது; தென்மாவட்டங்களில் உயிர்கள் பலியாயின. அரசு ஆராய்ந்து, அதே ஆண்டு ஜூலையில் எல்லாக் கழகங்களிலிருந்தும் மாவட்டங்களிலிருந்தும் தலைவர்களின் பெயர்களை நீக்கியது. பல்லவனும் பாண்டியனும் சேரனும் சோழனும் அத்துடன் மறைந்தனர். தமிழ்நாடு அரசுப் போக்குவரத்துக் கழகம் என்ற பொதுப்பெயரும், அடைப்புக்குள் ஊரின் பெயரும் வந்தன. பின்னர்ச் சிறு கழகங்கள் பெரியவற்றோடு இணைக்கப்பட்டு, எட்டுக் கழகங்கள் என்ற அமைப்பு உருவாயிற்று.

ஒருவர் அருகில் ஒருவர் அமர வைத்ததே பேருந்தின் பெரும் சாதனை. அப்பேருந்தின் பெயரைக்கூடப் பொறுக்க இயலாத மனநிலை, எழுபது ஆண்டுகளுக்கு முன் வண்டியில் ஏற்ற மறுத்த அதே மனநிலையின் மிச்சமே. இருக்கையைச் சட்டத்தால் பொதுவாக்கலாம். உள்ளத்தைச் சட்டம் மட்டும் மாற்றாது என்பதற்கு இது சான்று.

நட்டம் என்னும் சொல்

அரசுப் பேருந்து என்றதும் நம்மில் பலர் உடனே சொல்லும் சொல் 'நட்டம்' என்பது. கழகங்கள் நட்டத்தில் இயங்கின என்பது உண்மையே. அதற்கான காரணங்களை நடுநிலையோடு நோக்க வேண்டும்.

முதலாவது, கட்டணம். 2011 நவம்பரில் உயர்த்தப்பட்ட கட்டணம், ஆறாண்டுகளுக்கும் மேலாக மாற்றப்படவில்லை. இடையே டீசல் விலையும் உதிரிப்பாகங்களின் விலையும் ஊதியமும் ஏறிக்கொண்டே இருந்தன. 2018 ஜனவரியில் புறநகர்ச் சாதாரணப் பேருந்தின் கட்டணம் கிலோமீட்டருக்கு 42 காசிலிருந்து 60 காசாக ஒரே நாளில் உயர்த்தப்பட்டது. மக்கள் கொதித்தெழுந்தனர், மாணவர்கள் வீதிக்கு வந்தனர். சில நாட்களில் அது 58 காசாகக் குறைக்கப்பட்டது. ஆண்டுதோறும் சிறிது சிறிதாகச் செய்ய வேண்டியதை அரசியலுக்கு அஞ்சித் தள்ளிப்போட்டு, பின்னர் ஏழையின் தலையில் ஒரே சுமையாக இறக்குவது எந்தக் கட்சி செய்தாலும் நேரிய முறையன்று.

இரண்டாவது, நடத்தும் கடமையைச் சுமத்திவிட்டு அதற்குரிய பணத்தைத் தராமை. கூட்டமில்லாத தடத்தில் ஓட்ட வேண்டும், மாணவர்க்கு இலவசம் தர வேண்டும், கட்டணத்தை உயர்த்தக்கூடாது என்றெல்லாம் ஆணையிடுகையில், அச்செலவை அரசின் கருவூலம் ஏற்க வேண்டும். அது முழுமையாகவும் உரிய காலத்திலும் வாராதபோது கழகம் கடன் வாங்கியது. ஊழியர்களின் சேமநலப் பணத்திலும் கைவைத்தது. ஓய்வு பெற்றவர்கள் தமக்குரிய பணப்பலன்களுக்காக ஆண்டுக்கணக்கில் காத்திருந்தனர். 2018 ஜனவரி 4 முதல் எட்டு நாட்கள் நடந்த வேலைநிறுத்தத்தின் கோரிக்கைகளில், ஊதிய உயர்வோடு இந்நிலுவைத் தொகையும் இருந்தது. உழைத்தவனின் கூலியை நிறுத்திவைத்து நடத்தப்படும் சேவை நெடுநாள் நிலைக்காது.

மூன்றாவது, நிர்வாகக் குறைகள். பழுதடைந்த வண்டிகள், மழைக்கு ஒழுகும் கூரைகள், நிறுத்தத்தில் நிற்காமல் செல்லுதல், பயணியரைக் கடிந்து பேசுதல் ஆகியவற்றை நாம் மறைக்க வேண்டியதில்லை. தனியார் வண்டி இதைவிடத் தூய்மையாக உள்ளதே என்பாரும் உளர். அது பல இடங்களில் உண்மை. ஆனால் அந்தத் தனியார் வண்டி எந்தச் சாலையில் ஓடுகிறது என்பதைப் பார்க்க வேண்டும். பண்டிகைக் காலத்தில் தனியார் சொகுசுப் பேருந்துகளின் கட்டணம் எவ்வளவு ஏறுகிறது என்பதையும் நாம் அறிவோம்.

பள்ளிக்கூடம் எவ்வளவு இலாபம் ஈட்டியது என்று எவரும் கேட்பதில்லை. சாலையை, தெருவிளக்கை, குடிநீர்த் தொட்டியை நட்டம் என்று எவரும் எழுதுவதில்லை. பேருந்தின் வரவை மட்டும் நடத்துநரின் தோல்பைக்குள் தேடுகிறோம். அது கொண்டுசேர்த்த மாணவி வாங்கிய பட்டமும், அது காப்பாற்றிய நோயாளியின் உயிரும் அப்பைக்குள் இரா.

அண்மைக் கால மாற்றங்கள்

2020 மார்ச்சில் கொரோனா ஊரடங்கு வந்தபோது பேருந்துகள் அனைத்தும் நின்றன. ஜூனில் ஓரளவு ஓடி, ஜூலையில் மீண்டும் நின்று, செப்டம்பர் 1 முதல் மாவட்டங்களுக்குள்ளும், செப்டம்பர் 7 முதல் மாவட்டங்களுக்கு இடையிலும் இயங்கின. பேருந்து இல்லாத கிராமம் எவ்வாறிருக்கும் என்பதை அந்த மாதங்கள் நமக்குக் காட்டின. வண்டி உள்ளவர் சென்றனர். இல்லாதவர் வீட்டிலேயே இருந்தனர். அப்போது நிறுத்தப்பட்ட நடைகள் தங்கள் ஊர்களுக்குத் திரும்பி வரவில்லை என்ற முறையீடு பல சிற்றூர்களில் எழுந்தது.

2021 மே 8 முதல், சாதாரணக் கட்டண நகரப் பேருந்துகளில் பெண்கள் கட்டணமின்றிப் பயணம் செய்யும் திட்டம் நடைமுறைக்கு வந்தது. கழகங்களுக்கு ஏற்படும் இழப்பை ஈடுசெய்யத் தொடக்கத்தில் 1,200 கோடி ரூபாய் ஒதுக்கப்பட்டது. இதனால் ஒரு பெண்ணுக்கு மாதம் சராசரியாக 888 ரூபாய் மிச்சமாவதாக மாநிலத் திட்டக்குழுவின் ஆய்வு தெரிவித்தது. வீட்டு வேலைக்கும் கடை வேலைக்கும் செல்லும் ஏழைப் பெண்களுக்கு இது சிறு தொகையன்று. ஆயினும் நகரப் பேருந்தின் எல்லைக்கு அப்பால், புறநகர்ப் பேருந்தையே நம்பியுள்ள தொலைதூரக் கிராமத்துப் பெண்களுக்கு இப்பயன் எட்டவில்லை என்பதையும் குறிப்பிட வேண்டும்.

பெரிய வண்டி நுழையாத ஊர்களுக்காக 1997இல் மினி பேருந்துத் திட்டம் தொடங்கப்பட்டது. 20 கிலோமீட்டர்த் தடத்தில் 16 கிலோமீட்டர், அதுவரை பேருந்து செல்லாத பாதையாக இருக்க வேண்டும் என்பது விதி. காலப்போக்கில் எரிபொருள் விலை ஏற, பல வண்டிகள் ஊர்ப்பாதையைக் கைவிட்டு வசூல் உள்ள சாலைக்கு ஒதுங்கின. 2025 ஜூன் 16 அன்று தஞ்சாவூரில் தொடங்கப்பெற்ற புதிய திட்டத்தில் தடத்தின் நீளம் 25 கிலோமீட்டராக உயர்த்தப்பட்டு, அதில் 65 விழுக்காடு பேருந்து இல்லாத பாதையாக இருக்க வேண்டும் என்று வகுக்கப்பட்டது. இவை தனியார் நடத்தும் வண்டிகள். வசூல் குறையும்போது பழையபடி ஒதுங்காமல் ஓடுமா என்பது, கண்காணிக்கும் அதிகாரிகளையும் கேள்வி கேட்கும் மக்களையும் பொறுத்தது.

நாம் செய்ய வேண்டியது

அன்புச் சகோதரர்களே! இவ்வரலாற்றிலிருந்து நாம் பெறும் பாடம் ஒன்று உண்டு. முன்பு ஊருக்குப் பேருந்து வேண்டும் என்று மனுக்கொடுக்கச் சென்றவர்கள் யார்? ஊரின் பெரிய மனிதர்கள். ஏனெனில் அவர்களும் அதே பேருந்தில் செல்ல வேண்டியிருந்தது. இன்று நம்மில் வசதியுள்ளோர் மகிழுந்திலும், இளைஞர்கள் இருசக்கர வாகனத்திலும் செல்கின்றனர். பேருந்து நிறுத்தத்தில் நிற்போர் யாவர் என்று ஒருமுறை நின்று பாருங்கள். முதியோர், பெண்கள், பள்ளிப்பிள்ளைகள், கூலி வேலைக்குச் செல்வோர் ஆகியோரே. ஒரு நடை நிறுத்தப்பட்டால் பணிமனைக்குச் சென்று பேசத் துணிவும் நேரமும் உடையோருக்கு அச்செய்தியே தெரிவதில்லை. தெரிந்தவர்களுக்கோ பேசும் வாய்ப்பில்லை. சத்தமின்றி நடைகள் குறைவதற்கு இதுவே வழி செய்கிறது.

ஆகவே ஜமாஅத்தினரின் சிந்தனைக்குச் சிலவற்றை முன்வைக்கிறோம். நம் ஊருக்கு வரும் பேருந்துகளின் நேரத்தையும் நடைகளின் எண்ணிக்கையையும் எழுதிப் பள்ளிவாசல் அறிவிப்புப் பலகையில் ஒட்டிவைக்கலாம். வராத நடைகளை நாளிட்டுக் குறித்துவைத்து, மாதம் ஒருமுறை கிளை மேலாளரிடம் நேரில் அளிக்கலாம். வெறும் குறைகூறலைவிட, தேதியோடு கூடிய பட்டியலுக்கு மதிப்பு அதிகம். கிராம சபைக் கூட்டத்தில் இதனை எழுப்பி, பிற சமுதாய மக்களோடு இணைந்து தீர்மானம் நிறைவேற்றலாம். பேருந்து எல்லோருக்கும் பொதுவாகையால் கோரிக்கையும் பொதுவாக இருப்பதே சிறப்பு. நிழற்குடை இல்லாத நிறுத்தத்தில் அதை அமைக்க வசதியுள்ளோர் முன்வரலாம். எல்லாவற்றிலும் மேலாக, வாகனம் வைத்திருப்போரும் இயன்றபோது பேருந்தில் செல்ல வேண்டும். பயணியர் இல்லை என்ற காரணத்தைச் சொல்லி நடையை நிறுத்த இடம்கொடுப்பவர்களாக நாம் ஆகிவிடக் கூடாது.

நம் முன்னோர் கேட்டுப் பெற்ற ஒன்றை நாம் கேளாமல் இழந்துவிட்டால், பின்வரும் தலைமுறை அதை மீண்டும் பெற நெடுங்காலம் ஆகும். நிறுத்தப்பட்ட தடத்தைத் திரும்பத் தொடங்குவது, ஓடும் தடத்தைக் காப்பதைவிடப் பன்மடங்கு கடினம். நம் ஊரின் முதல் நடை எத்தனை மணிக்குப் புறப்படுகிறது என்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? அதைத் தெரிந்துகொள்வதிலிருந்து நம் பணியைத் தொடங்குவோமாக!